எருமை மேல் போலீஸ் போகும் சோரி: அந்த ஊர் எப்படிப் பிழைக்கிறது?

கேள்வி இதுதான்: "பிரேசிலில் போலீஸ்காரர்கள் எருமை மேல் ஏறி ரோந்து போகும் படம் ஒன்று பார்த்தேன். அது எந்த ஊர்? அங்கே எருமை எப்படிப் போய்ச் சேர்ந்தது? அந்த ஊர்க்காரர்கள் எதை வைத்துப் பிழைக்கிறார்கள்?"

அந்த ஊர் சோரி. பிரேசிலின் வடக்கே, அமேசான் கடலில் கலக்கும் இடத்தில் மராஜோ என்று ஒரு பெரிய தீவு இருக்கிறது. அதன் கிழக்குக் கரையில், பரகவாரி ஆற்றின் ஓரமாக இருக்கிறது சோரி. பூமத்திய ரேகைக்குத் தெற்கே ஒரு டிகிரிகூட இல்லை. மாநிலம் பாரா, தலைநகர் பெலேம். பெலேமிலிருந்து படகில் மூன்று மணி நேரம் வந்து தீவில் இறங்கி, கொஞ்சம் சாலைவழி போய், ஆற்றை மிதவைப் படகில் கடந்தால் சோரி வந்துவிடும்.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிவிடுகிறேன். பிரேசிலில் 'முனிசிபியோ' என்றால் நம் ஊர் நகராட்சி போல வெறும் நகரம் மட்டும் இல்லை. ஒரு சிறிய நகரமும், அதைச் சுற்றியுள்ள மேய்ச்சல் வெளிகளும், கடற்கரைக் குப்பங்களும் சேர்ந்த மொத்த நிலப்பரப்பு அது. நம் கணக்கில் ஒரு தாலுகா என்று வைத்துக்கொள்ளலாம். சோரி முனிசிபியோவின் பரப்பு சுமார் 2,850 சதுர கிலோமீட்டர். 2010 கணக்கெடுப்பில் மக்கள் ஏறக்குறைய 23,000 பேர். அதிலும் பெரும்பாலோர் நகரத்தில்தான் இருக்கிறார்கள். மிச்ச இடமெல்லாம் புல்லும் நீரும் மாடும்தான். எருமைகளின் எண்ணிக்கை மனிதர்களைவிடப் பல மடங்கு.

இந்த ஊரின் பொருளாதாரத்தையும் வரலாற்றையும் புரிந்துகொள்ள முதலில் அதன் மண்ணைப் பார்க்க வேண்டும். மராஜோத் தீவு சுமார் 40,000 சதுர கிலோமீட்டர். சுவிட்சர்லாந்து அளவுக்கு ஒரு தீவு. மேற்குப் பாதி அமேசான் காடு. கிழக்குப் பாதியில், அதாவது சோரி இருக்கும் பக்கத்தில், மரம் குறைந்த புல்வெளி. காட்டை வெட்டி உண்டாக்கியது இல்லை, இயற்கையாகவே அப்படி. இந்த வெளி தட்டு மாதிரி சமமானது. ஜனவரியில் மழை பிடித்தால் ஜூன் வரை விடாது. பெய்த நீர் ஓடிப்போக சரிவும் கிடையாது, களிமண் என்பதால் கீழேயும் இறங்காது. அப்படியே தேங்கி, வயல் முழுக்க முழங்கால் ஆழம், சில இடங்களில் இடுப்பளவு. அமேசான் பெருகித்தான் இந்தப் பக்கம் மூழ்குகிறது என்று பலர் நினைக்கிறார்கள். பெரும்பங்கு அதே இடத்தில் பெய்த மழைதான்.

ஜூலையில் மழை விட்டதும் கதை தலைகீழ். நீர் வற்றி, சேறு இறுகி, செப்டம்பர் அக்டோபரில் நிலம் பாளம் பாளமாக வெடிக்கிறது. ஈரத்தில் மாடுகள் நடந்தபோது பதிந்த குளம்படிகள் அப்படியே காய்ந்து கல்லாகிவிடுகின்றன. வெளி முழுக்கக் குழி, குழிக்கு நடுவே கூரான விளிம்பு. அங்கே அதற்குத் 'தெரோவாதா' என்று பெயர். அதன்மேல் ஜீப் போனால் ஆளை உலுக்கி எடுத்துவிடும். குதிரைக்குக் கால் மடங்கும். மனிதன் நடந்தால் கணுக்கால் பிசகும். ஆறு மாதம் படகு விடலாம் என்ற நிலம் அடுத்த ஆறு மாதம் தண்ணீருக்குத் தவிக்கும். ஆகவே சோரியின் வரலாறு என்பது என்னைப் பொறுத்தவரை ஒரே கேள்வியைச் சுற்றியது: இந்த மண்ணில் எந்தக் குளம்பு தாக்குப்பிடிக்கும்?

மாடு வருவதற்கு வெகுகாலம் முன்பே இந்த மண்ணைச் சமாளிக்க வழி கண்டவர்கள் இருந்தார்கள். ஏறத்தாழ கி.பி. 400 முதல் 1300கள் வரை மராஜோவில் ஒரு பெரிய பண்பாடு செழித்தது. அவர்கள் மண்ணைக் கொட்டி மேடுகள் எழுப்பி, வெள்ளத்துக்கு மேலே வீடு கட்டி வாழ்ந்தார்கள். இறந்தவர்களை வண்ணம் தீட்டிய பெரிய தாழிகளில் அடக்கம் செய்தார்கள். நம் ஆதிச்சநல்லூர்த் தாழிகளைப் பார்த்தவர்களுக்கு இது மனதில் சட்டென்று ஒட்டும். இரண்டுக்கும் தொடர்பு எதுவும் இல்லை, ஆனால் தாழியில் இறந்தவரை வைக்கும் எண்ணம் உலகின் இரண்டு மூலைகளில் தனித்தனியே பிறந்திருக்கிறது. அந்தத் தாழிகளில் நல்லவை பெலேமில் உள்ள கோயல்டி அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. மேடுகளுக்கு அங்கே 'தேசோ' என்று பெயர். இன்றைக்கும் மழைக்காலத்தில் மாடுகள் ஏறி நிற்பது இந்த மாதிரி மேடுகளில்தான். அதனால் பல தாழிகள் குளம்பு பட்டே நொறுங்கிப்போயின என்பது வேதனை.

ஐரோப்பியர் வந்தபோது இந்தக் கரையில் அருவா முதலான பழங்குடிகள் இருந்தார்கள். படகில் தேர்ந்தவர்கள், போர்த்துகீசியருக்கு நெடுங்காலம் பிடி கொடுக்காதவர்கள். 1659இல் அந்தோனியோ வியேரா என்ற ஏசுசபைப் பாதிரியார் பேசி ஒரு சமாதானத்துக்கு வந்த பிறகுதான் தீவுக்குள் வெள்ளையர் நிலையாகக் கால் வைக்க முடிந்தது. 1680 வாக்கில் முதல் மாட்டுப் பண்ணை அராரி ஆற்றங்கரையில் எழுந்தது. மாடுகள் அதற்குச் சில பத்தாண்டுகள் முன்பு கேப் வெர்ட் தீவுகளிலிருந்து பெலேமுக்குக் கப்பலில் வந்தவை. பெலேமில் நகரம் வளர்கிறது, இறைச்சி வேண்டும். நகரத்தைச் சுற்றிக் காடு, மேய்ச்சல் இல்லை. எதிர்த் தீவில் புல் கடல் போலக் கிடக்கிறது. பண்ணைகள் பெருக வேறு காரணமே தேவைப்படவில்லை.

அதில் அதிகம் வளர்ந்தவர்கள் துறவிகள். மெர்செதேரியர்கள், ஏசுசபையினர் எல்லோரும் பண்ணை வைத்தார்கள். வேலை செய்தவர்கள் பிடித்து வரப்பட்ட பழங்குடிகளும், பிறகு அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட ஆப்பிரிக்கர்களும். 1750களில் காற்று திசை மாறியது. லிஸ்பனில் பொம்பால் பிரபு அதிகாரத்துக்கு வந்தார். அவருடைய தம்பி மென்டோன்சா ஃபுர்தாதோ இங்கே ஆளுநர். பாதிரிமார் கையிலிருந்த பழங்குடிக் குடியிருப்புகளைப் பிடுங்கி, ஒவ்வொன்றுக்கும் போர்ச்சுகலில் உள்ள ஒரு ஊரின் பெயரைச் சூட்டிக்கொண்டே போனார். 1757இல் இந்தக் குடியிருப்புக்கு 'சோரி' என்று பெயர் விழுந்தது அப்படித்தான். போர்ச்சுகலில் கொயிம்ப்ரா பக்கத்தில் அசல் சோரி இன்னும் இருக்கிறது. ஆற்றுக்கு அக்கரையில் உள்ள சல்வாதேரா, அமேசானில் மேலே போனால் வரும் சாந்தரேம், ஓபிதோஸ் எல்லாமே அதே மாதிரி இரவல் பெயர்கள்தான். 1759இல் ஏசுசபையினர் மொத்தமாக வெளியேற்றப்பட்டார்கள். அவர்கள் விட்டுப்போன பண்ணைகளும் பல்லாயிரம் மாடுகளும் அரசுக்கு வேண்டிய அதிகாரிகளுக்கும் குடும்பங்களுக்கும் பிரித்துக் கொடுக்கப்பட்டன. மெர்செதேரியர்களின் சொத்து 1794இல் போயிற்று. மராஜோவில் நிலம் இன்றுவரை சில குடும்பங்கள் கையில் பெரும் பெரும் துண்டுகளாக இருப்பதன் வேர் இந்தப் பங்கீட்டில்தான் இருக்கிறது.

அடுத்து குதிரை. மாட்டை மேய்க்கக் கொண்டுவந்த குதிரைகள் தீவில் கட்டுக்கடங்காமல் பெருகின. பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் புல்லுக்கு மாட்டோடு போட்டி என்று சொல்லித் தோலுக்காகவே கூட்டம் கூட்டமாகக் கொன்றார்கள். அப்புறம் 1820களின் இறுதியில் ஒரு கொள்ளைநோய் வந்தது. இடுப்பும் பின்னங்காலும் இழுத்துக்கொண்டு குதிரை சரிந்து விழும். ஈ கடியால் பரவுகிற இந்த நோயை நம் கால்நடை மருத்துவர்கள் 'சர்ரா' என்பார்கள். நோய் தணிந்தபோது, கூட்டமாகக் கொன்ற அதே தீவில் ஏறிப் போகக் குதிரை இல்லை. மாட்டுக்காரர்கள் காளைக்குச் சேணம் கட்டி ஏறினார்கள். 'பொய் கவாலோ', அதாவது 'குதிரைமாடு' என்று அதற்குப் பெயரே உண்டு. எருமை மேல் போலீஸ் ஏறுவது உங்களுக்குப் புதுமையாகத் தெரிகிறது இல்லையா? மராஜோக்காரர்களுக்குக் கொம்புள்ள மிருகத்தின் முதுகில் வேலைக்குப் போவது பல தலைமுறைப் பழக்கம். தப்பிப் பிழைத்த குதிரைகளிலிருந்து மராஜோவாரா என்று ஒரு நாட்டினமும், அதைக் குட்டையினக் குதிரைகளோடு கலந்து புருக்கா என்று ஒரு சிறிய இனமும் பின்னால் உருவாயின. இரண்டும் சேற்றில் நடக்கப் பழகியவை.

எருமை வந்தது 1890களில். தீவில் யாரைக் கேட்டாலும் சொல்லும் கதை, பிரெஞ்சு கயானாவுக்குப் போன கப்பல் ஒன்று உடைந்து எருமைகள் நீந்திக் கரையேறின என்பது. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் எழுத்தில் இருப்பது, 1895 வாக்கில் விசென்ட்டே ஷெர்மோன்ட் டி மிராண்டா என்ற பண்ணைக்காரர் இத்தாலியிலிருந்து எருமைகளை வரவழைத்தார் என்பது. அதன் பிறகு நம் பக்கத்து இனங்களும் போய்ச் சேர்ந்தன. ஹரியானாவின் முர்ரா, குஜராத்தின் ஜாஃபராபாதி இரண்டும் இன்று பிரேசிலின் நான்கு அங்கீகரிக்கப்பட்ட எருமை இனங்களில் அடக்கம். மற்ற இரண்டு மத்தியதரைக்கடல் எருமையும், தென்கிழக்கு ஆசியச் சேற்றெருமையான கராபாவோவும். (பிரேசிலின் பெருநிலத்தில் கோடிக்கணக்கில் மேயும் வெள்ளை 'நெலோரே' மாட்டுக்கும் பெயர் நம் நெல்லூரிலிருந்து போனதுதான். ஆனால் அது மேட்டு நில மாடு. இந்தச் சேறு எருமைக்கே உரியது.)

எங்கள் வீட்டில் நான்கு எருமைகள் இருந்தன. மாலையில் ஏரியிலிருந்து கிளப்ப வேண்டும் என்றால், மூக்கு மட்டும் வெளியே தெரிய நின்றுகொண்டு, கூப்பிடக் கூப்பிடக் காதைக்கூட அசைக்காது. 'எருமை மேல் மழை பெய்த மாதிரி' என்று சொல்வோமே, அதை நாம் வசையாக வைத்திருக்கிறோம். மராஜோவில் அந்தக் குணம்தான் சோறு போடுகிறது. மழையில் வாரக்கணக்காக நின்றால் பசுவுக்குக் குளம்பு அழுகும், எருமை அசராது. அதன் குளம்பு அகலம். கணுக்கால் மூட்டு நன்றாக வளையும். அதனால் உளையில் புதைந்தாலும் காலை உருவி எடுத்துவிடும். நீரில் மிதக்கும் முரட்டுப் புல்லை, பசு முகர்ந்துவிட்டுத் திரும்பும் புல்லை, எருமை தலையை நீருக்குள் விட்டு மேயும். பாரா மாநிலத்தில் இன்று 5 லட்சத்துக்கும் மேற்பட்ட எருமைகள் இருக்கின்றன. பிரேசிலின் மொத்த எருமைகளில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல். அதில் பெரும்பகுதி மராஜோவில்.

இப்போது அந்தப் படத்துக்கு வருவோம். சோரியில் மாநில ராணுவப் போலீஸின் (பெயர்தான் ராணுவம், பார்ப்பது ஊர்க்காவல் போலீஸ் வேலை) ஒரு பட்டாலியன் இருக்கிறது. 1990களிலிருந்து அவர்கள் எருமையைப் பயன்படுத்துகிறார்கள். சுற்றுலாவுக்காக மட்டும் என்று நினைக்க வேண்டாம். பண்ணைகளுக்குப் பழைய தலைவலி மாட்டுத் திருட்டு. மழைக்காலத்தில் திருடன் சதுப்புக்குள் இறங்கிவிட்டால் ஜீப்பும் போகாது, குதிரையும் திணறும், படகும் சில இடங்களில் தட்டிப்போகும். எருமை மட்டும் நடந்தும் போகும், ஆழம் வந்தால் நீந்தியும் போகும். நம் வண்டிமாட்டுக்குப் போல மூக்கில் கயிறு கோத்துத்தான் ஓட்டுகிறார்கள். நகரத்துக்குள்ளும் எருமை சர்வசாதாரணம். சரக்கு வண்டி இழுக்கும், குப்பை அள்ளும் வண்டியிலும் பூட்டப்படும், மற்ற நேரத்தில் மாமர நிழலில் படுத்திருக்கும். சோரியின் தெருக்கள் கோடு போட்ட கட்டம் மாதிரி, பெயருக்குப் பதில் எண்கள்தான்: மூன்றாம் தெரு, நான்காம் தெரு, பதினேழாம் குறுக்குத் தெரு.

பிழைப்புக்கு வருவோம். முதலில் இறைச்சி. பண்ணையிலிருந்து மாடுகளை உயிரோடு படகில் ஏற்றி பெலேமுக்கு அனுப்புவது முந்நூறு வருடப் பழக்கம், இன்றும் நடக்கிறது. மாட்டை ஒன்றுகூட்டி, எண்ணி, சூடு போடும் வேலையெல்லாம் காய்ந்த மாதங்களில்தான். நாடு முழுக்கக் கோமாரித் தடுப்பூசி போட்ட காலத்தில்கூட மராஜோவுக்குத் தனித் தேதி வைத்திருந்தார்கள், மழையில் மந்தையை மடக்க முடியாது என்பதால்.

அடுத்து பாலாடைக்கட்டி. இதைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல ஆசை. மராஜோ சீஸ் என்று அங்கே புகழ்பெற்றது எருமைப்பாலில் செய்வது. செய்முறையைக் கேட்டால் நம் வீட்டு அடுப்படி நினைவுக்கு வரும். பச்சைப்பாலை அப்படியே வைத்துவிடுவார்கள். ரென்னட் போன்ற உறைபொருள் எதுவும் ஊற்றுவதில்லை. காற்றிலும் பாத்திரத்திலும் இருக்கும் கிருமிகளே பாலைப் புளிக்க வைத்து உறையவிடும். மேலே எழும் ஏட்டைத் தனியாக எடுத்து வைப்பார்கள். கட்டியான தயிரைத் துணியில் கட்டி நீரை வடித்து, புளிப்புப் போகத் தண்ணீரிலோ பாலிலோ பலமுறை அலசிப் பிழிந்து, பிறகு அரைப்பார்கள். அதைப் பெரிய பாத்திரத்தில் போட்டு உப்புச் சேர்த்து அடுப்பில் வைத்துக் கை ஓயாமல் கிண்ட வேண்டும். எடுத்து வைத்த ஏட்டைச் சேர்த்துக் கிண்டினால் 'கிரீம்' வகை, வெண்ணெய் சேர்த்தால் 'வெண்ணெய்' வகை. கிண்டக் கிண்ட அது அல்வாப் பதத்தில் சுருண்டு பாத்திரத்தை விட்டு வரும்போது அச்சில் ஊற்றி ஆறவைப்பார்கள். எருமைப்பாலில் மஞ்சள் நிறமி இல்லாததால் கட்டி வெள்ளையாக இருக்கும். கொழுப்பு பசும்பாலைவிட ஏறக்குறைய இரண்டு மடங்கு என்பதால் வாயில் வைத்தால் கரையும்.

ரொம்பக் காலம் இந்தச் சீஸைத் தீவுக்கு வெளியே முறையாக விற்க முடியவில்லை. பச்சைப்பாலில், வீட்டுக் கொட்டகையில் செய்ததற்குச் சுகாதார விதிகள் இடம் கொடுக்கவில்லை. பையில் மறைத்து பெலேமுக்குக் கொண்டுபோய் விற்றவர்கள்தான் அதிகம். 2013இல் பாரா மாநில அரசு இந்தப் பாரம்பரியச் சீஸுக்கென்றே தனி விதிகள் போட்டது. 2021இல் புவிசார் குறியீடு கிடைத்தது. சோரி உட்பட ஏழு முனிசிபியோக்களில் செய்ததற்கே இனி அந்தப் பெயர். சின்ன உற்பத்தியாளர்களுக்கு இது பெரிய கதவு. ஆனால் விதிப்படி ஓடு பதித்த அறையும் குளிர்சாதனமும் வைக்கப் பணம் உள்ளவர்தான் முதலில் நுழைகிறார். கையால் கிண்டிக் கிண்டி அந்தச் சுவையைக் காத்த ஏழைக் குடும்பங்கள் வெளியே நின்றுவிடக் கூடாது என்பது என் கவலை.

ஊரின் ஏழை மக்கள் மாட்டை நம்பி மட்டும் இல்லை, நண்டை நம்பியும் இருக்கிறார்கள். கடலோரம் முழுக்க அலையாத்திக் காடு. வேரடியில் வளைக்குள் கையை விட்டு நண்டு பிடிப்பவர்கள் ஏராளம். அவர்கள் கேட்டுப் போராடியதன் பலனாக 2001 நவம்பரில் சோரி கடல்சார் பாதுகாப்பகம் அறிவிக்கப்பட்டது. 27,000 ஹெக்டேருக்கு மேல். இதில் மனிதரை வெளியேற்றிக் காட்டைப் பூட்டுவது கிடையாது. அங்கேயே காலங்காலமாகப் பிழைப்பவர்களுக்கு அந்த உரிமையை எழுதிக்கொடுத்து, வெளியார் வந்து வாரிக்கொண்டு போவதைத் தடுப்பது. இறந்த அலையாத்தி மரத்தைப் பிளந்தால் உள்ளே 'துரு' என்று நீளமான வெள்ளைப் புழு மாதிரி ஒன்று கிடைக்கும். உண்மையில் அது ஒரு வகைச் சிப்பி. எலுமிச்சை பிழிந்து பச்சையாகவே விழுங்குவார்கள், இல்லாவிட்டால் ரசம் வைப்பார்கள். அலையாத்திப் பட்டையில் எருமைத்தோலைப் பதனிட்டுச் செருப்பும் சேணமும் செய்யும் பட்டறைத் தொழிலும் ஊரில் உண்டு.

இவ்வளவு இருந்தும் ஊர் பணக்கார ஊர் இல்லை. முனிசிபியோவுக்குள் புழங்கும் பணத்தில் பெரும் பங்கு அரசுச் சம்பளம், ஓய்வூதியம், ஏழைக் குடும்பங்களுக்கான உதவித்தொகை ஆகியவற்றிலிருந்து வருவது. பெரும்பண்ணைக்கு ஆயிரக்கணக்கான ஏக்கர் இருந்தாலும் கையளவு வேலையாட்கள் போதும். 2010இல் பிரேசிலிலேயே மிகக் குறைந்த மனித வளர்ச்சிக் குறியீடு பதிவானது இதே மராஜோ வட்டாரத்தின் மேற்கே உள்ள மெல்காசோவில், 0.418. சோரியின் நிலை அதைவிட எவ்வளவோ மேல், ஆனாலும் படித்த பிள்ளைகள் பெலேமுக்குப் படகேறுவது நிற்கவில்லை. அக்கரையில் சல்வாதேராவில், அடிமைகளாக வந்தவர்களின் சந்ததியினர் வாழும் கிராமங்கள் பல இருக்கின்றன. பண்ணை வேலிகள் அவர்கள் நிலத்தையும், ஆற்றுக்குப் போகும் வழியையும் அடைத்த சண்டைகள் இன்னும் தீர்ந்தபாடில்லை.

எருமையையும் குறை சொல்லாமல் விட முடியாது. ஒரே தடத்தில் நடந்து நடந்து அது சேற்றில் வாய்க்கால் வெட்டிவிடுகிறது. அந்த வாய்க்கால் வழியே நல்ல நீர் வடியும், ஓதத்தில் உப்புநீர் உள்ளே ஏறும். பக்கத்து அமாப்பா மாநிலத்தில் அரகுவாரி என்று ஒரு ஆறு. கடல் அலை ஆற்றில் எதிரேறி வரும் 'பொரொரோக்கா' அங்கே உலகப் புகழ் பெற்றது. 2010களின் நடுவில் அது நின்றே போனது. எருமைத் தடங்களும் பண்ணைக்காரர் வெட்டிய கால்வாய்களும் ஆற்று நீரை வேறு பக்கம் திருப்பியதை முக்கியக் காரணமாகச் சொல்கிறார்கள். வேலி போட்டு, மந்தையை இடம் மாற்றி மாற்றி மேய்த்தால் இந்தச் சேதம் குறையும்.

போய்ப் பார்க்க நினைத்தால் எப்போது போவது என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஆகஸ்டில் போனால் வெளியெல்லாம் இன்னும் பச்சை, பாதை நடக்கும்படி இருக்கும், பெஸ்கேய்ரோ கடற்கரையில் செக்கச் சிவந்த அரிவாள்மூக்கன்கள் கூட்டமாக இறங்கும். நவம்பர் இரண்டாம் ஞாயிறு நாசரேத் மாதா ஊர்வலம். தீவின் பல மூலைகளிலிருந்தும் பண்ணையாட்கள் வருவார்கள். 'வறுத்தது' என்று அவர்கள் கட்டிக்கொண்டு வரும் சாப்பாட்டைக் கேட்டு வாங்கிச் சாப்பிடுங்கள். இறைச்சியை அதன் கொழுப்பிலேயே நீர் வற்ற வறுத்து, மரவள்ளி மாவோடு சேர்த்துச் சாப்பிடுவது. மழையில் நாள்கணக்கில் மந்தையோடு போகிறவனுக்குக் கெடாமல் இருக்க வேண்டும் என்று கண்டுபிடித்த சாப்பாடு அது. பிப்ரவரியில் போனால் மேய்ச்சல் வெளிக்குள் நடக்க முடியாது. எருமை மேல் ஏறித்தான் போக வேண்டும்.